மீதி எட்டுக் கேள்விகள்

எல்.எல்.ஆர். என்னும் பழகுநர் உரிமம் எடுக்கப் போகும் ஒவ்வொருவரும் முதலில் கேட்பது, எத்தனை கேள்வி, எத்தனை சரியாக இருந்தால் பாஸ் என்பதைத்தான். 1989ஆம் ஆண்டு மத்திய மோட்டார் வாகன விதிகளில் 11ஆவது விதி இதற்குப் பதில் சொல்கிறது. கேட்ட கேள்விகளில் நூற்றுக்கு 60 சரியாக இருந்தால் போதும். 20 கேள்வி வந்தால் 12. மீதி எட்டும் தவறானாலும் எல்.எல்.ஆர். கைக்கு வந்துவிடும்.

அந்த எட்டில் என்னென்ன இருந்தன என்று பிறகு யாரும் பார்ப்பதில்லை. எழுதியவர் பார்ப்பதில்லை, வீட்டில் கேட்பதில்லை, டிரைவிங் ஸ்கூலில் விசாரிப்பதில்லை. மஞ்சள் விளக்கு எரிந்தால் என்ன செய்ய வேண்டும் என்பது அதில் இருந்திருக்கலாம். ஒருவர் அடிபட்டுக் கிடந்தால் ஓட்டுநரின் கடமை என்ன என்பதும் இருந்திருக்கலாம். தெரியாத அந்த எட்டையும் சேர்த்துக்கொண்டுதான் ஒருவர் சாலைக்கு வருகிறார். 12 என்பது அரசு வைத்த குறைந்தபட்ச அளவு. மீதி எட்டுக்கு யார் பொறுப்பு? சூளூர்பேட்டையில் இருக்கும் நாம் எல்லோரும் பொறுப்பு என்பதுதான் இந்தக் கட்டுரை சொல்ல வருவது.

இதை ஏன் இந்த ஊருக்குச் சொல்ல வேண்டியிருக்கிறது என்றால், நம் சாலைகள் அப்படிப்பட்டவை. சென்னையையும் கொல்கத்தாவையும் இணைக்கும் 16ஆம் எண் தேசிய நெடுஞ்சாலை நம்மைத் தொட்டுக்கொண்டு போகிறது. பழைய ஆட்கள் இன்னும் அஞ்சாம் நம்பர் ரோடு என்றுதான் சொல்கிறார்கள். வெளிமாநிலத்துக் கண்டெய்னர் லாரியும், காய்கறிக் கூடையைப் பின்னால் கட்டிய மொபெட்டும் ஒரே தாரில் ஓடுகின்றன. தெற்கே தடா, ஸ்ரீசிட்டி. ஷிப்டு மாறும் நேரத்தில் கம்பெனி பஸ்களும் வேன்களும் அவற்றுக்கு இடையில் நூற்றுக்கணக்கான பைக்குகளும் ஒரே சமயத்தில் சாலைக்கு வருகின்றன. கிழக்கே பழவேற்காடு ஏரியைக் குறுக்கே கடந்து ஸ்ரீஹரிகோட்டாவுக்குப் போகும் சாலை. இருபுறமும் நீர், நேர்கோட்டில் வழி. கை தானாகவே ஆக்ஸிலேட்டரை முறுக்கச் சொல்லும். ஆனால் பூநாரைகள் வந்து இறங்கும் மாதங்களில் அதே சாலையின் ஓரத்தில் குடும்பம் குடும்பமாக வண்டியை நிறுத்திவிட்டு, குழந்தைகளோடு இறங்கி நிற்கிறார்கள். ராக்கெட் ஏவும் நாளில் ஊர் தாங்காத அளவுக்கு வெளியூர் வண்டிகள். இவற்றோடு அறுவடைக் காலத்தில் சாலையில் நெல் காயும், மாடுகள் மறிக்கும், இரவில் பின்விளக்கு இல்லாமல் லாரிகள் ஓரத்தில் நிற்கும்.

இத்தனை வகை ஆட்கள் கூடும் சாலையில் ஒருவருக்கொருவர் பேசிக்கொள்ள முடியாது. எதிரே வருபவர் பீகாரா, ஒடிசாவா, ஆரம்பாக்கமா என்று தெரியாது. எல்லோரும் ஒரே விதியைப் படித்திருப்பார்கள் என்ற நம்பிக்கை ஒன்றுதான் நம்மை உயிரோடு வீடு சேர்க்கிறது. அந்த நம்பிக்கையைச் சோதித்துப் பார்க்கும் ஒரே இடம் எல்.எல்.ஆர். தேர்வு.

மத்தியச் சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்குப்படி 2022ஆம் ஆண்டில் மட்டும் இந்தியச் சாலைகளில் 1,68,491 பேர் இறந்தார்கள். அவர்களில் 74,897 பேர் இரு சக்கர வண்டிகளில் போனவர்கள். ஹெல்மெட் போடாமல் இறந்தவர்கள் 50,029 பேர். அந்த ஆண்டின் சாவுகளில் நூற்றுக்கு 71 அதிவேகத்தின் கணக்கில் எழுதப்பட்டிருக்கின்றன. வேகம், ஹெல்மெட் இரண்டுமே எழுத்துத் தேர்வில் வரக்கூடிய பாடங்கள்தான். விடை தெரியாமல் இறந்தவர்கள் எத்தனை பேர், தெரிந்தும் இறந்தவர்கள் எத்தனை பேர் என்று பிரித்துச் சொல்ல எந்தக் கணக்கும் இல்லை. ஆனால் காரணம் புரியாமல் மனப்பாடம் செய்த விடை, கையில் வண்டி வந்ததும் மறந்துபோகிறது. இதை நாம் தினமும் பார்க்கிறோம்.

வேகத்தையே எடுத்துக்கொள்வோம். வேகத்தை இரண்டு மடங்காக்கினால் பிரேக் பிடித்து வண்டி நிற்கும் தூரம் இரண்டு மடங்கு ஆகும் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். அது நான்கு மடங்கு ஆகிறது. 40 கிலோமீட்டரில் போனபோது நிற்க எடுத்த தூரத்தைப்போல் நான்கு பங்கு, 80இல் போகும்போது தேவை. பிரேக்கை அழுத்துவதற்கு முன் நம் மூளை விழித்துக்கொள்ளும் நேரத்தில் ஓடிவிடும் தூரம் தனி. பிளஸ் டூ இயற்பியல் படித்த பிள்ளைக்கு இந்தக் கணக்கு தெரியும். அதே பிள்ளை எல்.எல்.ஆர். கேள்வியில் முன்னால் போகும் வண்டிக்கு இடைவெளி விடச் சொல்லும் விடையைத் தொடும்போது, இந்தக் கணக்கும் அந்தக் கேள்வியும் ஒன்று என்று யாராவது சொல்லிக்கொடுத்திருக்கிறார்களா?

தேர்வில் என்ன கேட்க வேண்டும் என்பதை 11ஆவது விதி நான்காகப் பிரிக்கிறது: சாலைக் குறிகளும் சிக்னலும் சாலை விதிகளும், விபத்து நடந்தால் ஓட்டுநரின் கடமைகள், ஆளில்லா ரயில்வே கடவுப்பாதையைக் கடக்கும்போது எடுக்க வேண்டிய முன்னெச்சரிக்கை, வண்டியில் வைத்திருக்க வேண்டிய பத்திரங்கள். பெரும்பாலோர் முதலாவதைப் படித்துவிட்டு, மற்ற மூன்றையும் போகிற போக்கில் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிடுகிறார்கள்.

முதலாவதையும் முழுதாகப் படிப்பதில்லை. படம் படமாக மனப்பாடம் செய்வார்கள். அதற்குள் இருக்கும் இலக்கணத்தைப் பிடித்துக்கொண்டால் பாதி வேலை முடிந்துவிடும். வட்டம் கட்டளை, முக்கோணம் எச்சரிக்கை, நீள்சதுரம் தகவல். வட்டத்திலும் சிவப்பு விளிம்பு இருந்தால் பெரும்பாலும் தடை, நீலமாக நிரம்பியிருந்தால் இதைச் செய்தே ஆக வேண்டும் என்பது. எட்டு மூலை உள்ளது ‘நில்’. தலைகீழ் முக்கோணம் ‘வழி விடு’. இந்த இரண்டுக்கும் மட்டும் வேறு எதற்கும் இல்லாத வடிவத்தைக் கொடுத்திருப்பது, தூசி படிந்து எழுத்து மறைந்தாலும், பின்பக்கத்திலிருந்து பார்த்தாலும் அடையாளம் தெரிய வேண்டும் என்பதற்காக. இதைச் சொல்லிக்கொடுத்தால் எட்டாம் வகுப்புப் பிள்ளைகூட ஒரு மாலையில் கற்றுக்கொள்ளும்.

குறிகளைவிடக் கடினமானது, யாருக்கு முதலில் வழி என்பது. 2017இல் வந்த மோட்டார் வாகன ஓட்டுதல் ஒழுங்குமுறைகள் இதைத் தெளிவாக வகுத்திருக்கின்றன. ரவுண்டானாவுக்குள் ஏற்கெனவே சுற்றிக்கொண்டிருப்பவருக்கு வழி விட்டுத்தான் வெளியிலிருந்து வருபவர் நுழைய வேண்டும். சிக்னலும் போலீஸும் இல்லாத சந்திப்பில் வலப்பக்கத்திலிருந்து வருபவருக்கு வழி. கிளைச்சாலையிலிருந்து பெரிய சாலைக்கு ஏறுபவர் பெரிய சாலையில் வருபவருக்குக் காத்திருக்க வேண்டும். ஜீப்ரா கோட்டில் நடப்பவருக்கு முதல் உரிமை. நம் ஊர்ச் சந்திப்புகளில் இந்த விதிகளின் இடத்தை ஹாரன் பிடித்துக்கொண்டிருக்கிறது. யார் வண்டி பெரியது, யார் முதலில் மூக்கை நுழைத்தார்கள் என்பதை வைத்து வழி தீர்மானமாகிறது. இப்படி ஒரு பழக்கம் ஊரில் வேரூன்றிவிட்டால், விதியைச் சரியாகப் படித்துவிட்டு வரும் புதியவருக்குத்தான் ஆபத்து. அவர் நிற்பார், பின்னால் வருபவர் நிற்க மாட்டார். ஒருவர் மட்டும் சரியாகப் படிப்பது போதாது என்று நான் சொல்வது இதனால்தான்.

நெடுஞ்சாலையில் எதிர்த்திசையில் வருவதையும் இதோடு சேர்க்க வேண்டும். அடுத்த யூ-டர்ன் தூரம் என்பதால் ஓரமாகவே ராங் சைடில் வந்துவிடுகிறோம். பால் கொண்டுபோகிறவரும் செய்கிறார், பள்ளிக்குப் பிள்ளையை விடுகிறவரும் செய்கிறார். ஒரு வழிச் சாலை பற்றிய கேள்விக்கு இவர்கள் எல்லோருமே சரியான விடையைத்தான் தொட்டிருப்பார்கள். எதிரே 80இல் ஒரு லாரி, இவர் 40இல்; இருவருக்கும் இடையிலான தூரம் 120 வேகத்தில் கரைகிறது. லாரிக்காரர் அந்தப் பக்கத்திலிருந்து ஒரு வண்டி வரும் என்று எதிர்பார்க்கவே இல்லை.

இரண்டாவது பாடம் விபத்துக் கடமைகள். இதைப் பற்றித்தான் நம் ஊரில் அதிகம் பேச வேண்டும் என்று நினைக்கிறேன். மோட்டார் வாகனச் சட்டத்தின் 134ஆவது பிரிவு, விபத்தில் சம்பந்தப்பட்ட ஓட்டுநர் அடிபட்டவருக்கு மருத்துவ உதவி கிடைக்க எல்லா முயற்சியும் செய்ய வேண்டும், போலீஸுக்குத் தகவல் கொடுக்க வேண்டும் என்கிறது. கூட்டம் கூடி அடிக்கும் என்ற பயத்தில்தான் ஓட்டுநர்கள் வண்டியை விட்டுவிட்டு ஓடுகிறார்கள். அப்படியானால் அந்தப் பயத்தைக் கிளப்பும் கூட்டமும் இந்தக் கேள்விக்குத் தவறான விடை எழுதிய கூட்டம்தான். ஓட்டுநர் நின்று உதவ வேண்டுமானால், அவரை நிற்க விடுகிற ஊராக நாம் இருக்க வேண்டும்.

பக்கத்தில் இருப்பவர்களுக்கும் ஒரு பயம் உண்டு. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனால் போலீஸ் கேஸ், கோர்ட், சாட்சி என்று அலைய வேண்டுமே என்பது. 2019 திருத்தத்தில் சேர்ந்த 134ஏ பிரிவு, நல்ல மனதோடு உதவுகிறவரை எந்த வழக்கும் தொடாது என்று பாதுகாப்புக் கொடுக்கிறது. பெயரைச் சொல்லும்படி அவரைக் கட்டாயப்படுத்த முடியாது. 108 ஆம்புலன்ஸுக்கு, 1033 தேசிய நெடுஞ்சாலை உதவிக்கு. விபத்தில் சிக்கியவருக்கு முதல் ஏழு நாளுக்கு ஒன்றரை லட்சம் ரூபாய் வரை பணம் கட்டாமல் சிகிச்சை தரும் திட்டத்தை மத்திய அரசு 2025 மே மாதம் அறிவிக்கையாக வெளியிட்டிருக்கிறது. டீக்கடைக்காரருக்கும், பங்க்கில் வேலை செய்யும் பையனுக்கும், நெடுஞ்சாலையோரம் பழம் விற்கும் அம்மாவுக்கும் இவை தெரிந்திருக்க வேண்டும். விபத்து நடந்தால் முதலில் ஓடி வருபவர்கள் அவர்கள்தான். அவர்கள் எந்தத் தேர்வும் எழுதப்போவதில்லை.

மூன்றாவது, ஆளில்லா கடவுப்பாதை. அகல ரயில் பாதைகளில் இவை 2019 ஜனவரியோடு இல்லாமல் செய்யப்பட்டுவிட்டன. கேள்வி மட்டும் நிற்கிறது. இதைத் தேவையில்லாத பாடம் என்று நான் சொல்ல மாட்டேன். வண்டியை நிறுத்து, ஒருவர் இறங்கிப் போய் இரு பக்கமும் ரயில் வரவில்லை என்று பார்த்து உறுதி செய்யட்டும் என்பதுதான் சட்டத்தின் 131ஆவது பிரிவு சொல்லும் ஒழுங்கு. கண் மறைக்கும் எந்தத் திருப்பத்துக்கும் அது பொருந்தும். மூடிய கேட்டின் கீழே தலையைக் குனிந்து பைக்கை நுழைக்கிறவருக்கு இந்தப் பாடம் போய்ச் சேரவில்லை.

நான்காவது பத்திரங்கள். லைசென்ஸ், ஆர்.சி., இன்சூரன்ஸ், புகைச் சான்றிதழ். டிஜிலாக்கரில் வைத்துக் காட்டினாலும் செல்லும். இதற்கு மேல் இதில் சொல்ல ஒன்றுமில்லை.

இனி மொழி. இது நம் ஊருக்கே உரிய விஷயம். 1953 அக்டோபர் 1ஆம் தேதி ஆந்திரா தனி மாநிலமானபோது நெல்லூர் மாவட்டத்தோடு சூளூர்பேட்டை அந்தப் பக்கம் போனது. 1960 ஏப்ரல் 1ஆம் தேதி நடந்த எல்லை மாற்றத்தில் திருத்தணி சென்னை மாநிலத்துக்கும் சத்தியவேடு ஆந்திராவுக்கும் போயின. 2022 ஏப்ரலில் நாம் நெல்லூரிலிருந்து திருப்பதி மாவட்டத்துக்கு மாறினோம். கோடுகள் மாறினாலும் வீடுகள் மாறவில்லை. சென்னை சென்ட்ரலிலிருந்து வரும் மின்சார ரயில் இங்கேதான் வந்து நிற்கிறது. வீட்டில் தமிழும் கடைத்தெருவில் தெலுங்கும் பேசுகிற குடும்பங்கள் இங்கே ஏராளம். ஒரு மொழியில் சரளமாகப் பேசிவிட்டு, அதே மொழியை எழுத்துக் கூட்டிப் படிக்கிறவர்கள் அவற்றில் உண்டு. நடுத்தர வயது ஆட்டோக்காரர், ஸ்ரீசிட்டிக்கு வேலைக்கு வந்த திருவள்ளூர்ப் பெண், இங்கே மருமகளாக வந்தவர் என்று பலருக்கும் இதே நிலைதான்.

இவர்கள் ஒன்றை அறிந்துகொண்டால் பெரிய பாரம் இறங்கும். மோட்டார் வாகனச் சட்டம் நடுவண் சட்டம். சாலை விதி நெல்லூருக்கு ஒன்று, திருவள்ளூருக்கு ஒன்று என்று இல்லை. தமிழ்நாட்டுப் போக்குவரத்துத் துறையின் தமிழ்க் கேள்வித் தொகுப்பை வைத்து வீட்டில் புரிந்து படித்துவிட்டு, தெலுங்கில் போய் எழுதலாம். பிடிபடாத சில சொற்களை மட்டும் இரண்டு மொழியிலும் எழுதி வைத்துக்கொண்டால் போதும். இணையத்தில் விண்ணப்பிக்கும்போது தேர்வு மொழியைத் தேர்ந்தெடுக்கச் சொல்லும் இடத்தை அவசரத்தில் தாண்டிப் போகக் கூடாது. இன்டர்நெட் கடையில் உட்கார்ந்து நிரப்பித் தருபவரும் அதை ஒருமுறை கேட்டுவிட்டுத்தான் அழுத்த வேண்டும்.

வெளியே பார்த்தால், கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில் ஈழத் தமிழர்கள் ஜி1 அறிவுத் தேர்வைத் தமிழிலேயே எழுத முடிகிறது. சிங்கப்பூரிலும் அடிப்படைத் தேர்வு தமிழில் உண்டு. பிரிட்டனில் 2014 ஏப்ரல் வரை தேர்வுக் கேள்விகளைத் தமிழ் உட்பட 19 மொழிகளில் காதில் வாசித்துக் காட்டும் வசதி இருந்தது, பிறகு நிறுத்திவிட்டார்கள். கும்மிடிப்பூண்டிப் பக்கம் தெலுங்கில் படித்தவர்கள் தெலுங்கிலும், சூளூர்பேட்டை, சத்தியவேடு, நகரி பக்கம் தமிழில் படித்தவர்கள் தமிழிலும் எழுத முடிகிற நிலை எல்லை ஊர்கள் எல்லாவற்றிலும் உறுதியாக வேண்டும். இதை மொழிச் சண்டையாக யாரும் ஆக்க வேண்டாம். ஓட்டுபவருக்கு விதி புரிந்திருப்பது எதிரே வருபவருக்குத்தான் முதலில் நன்மை.

வாசித்துக் காட்டுவது பற்றி இன்னொரு வார்த்தை. சரக்கு, பயணிகள் வண்டி ஓட்ட எட்டாம் வகுப்புப் படித்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையை மத்திய அரசு 2019இல் எடுத்துவிட்டது. ஏழை வீட்டுப் பிள்ளைகளுக்கு வேலை கிடைக்கட்டும் என்று எடுத்த நல்ல முடிவு அது. ஆனால் வாசிப்பில் தடுமாறும் ஒருவரை அந்த முடிவோடு தனியே விட்டுவிட்டால், அவர் நேராகப் புரோக்கரிடம்தான் போவார். பக்கத்து வீட்டுக் கல்லூரிப் பெண் மாலையில் அரை மணி நேரம் உட்கார்ந்து கேள்விகளை வாசித்துக் காட்டினால் அந்த வழி அடைபடும்.

அதே ஒன்டாரியோவில் இன்னொன்றும் பார்க்க வேண்டியது இருக்கிறது. அங்கே 40 கேள்விகள், இரண்டு பகுதிகள். சாலை விதியில் 20க்கு 16, குறிகளில் 20க்கு 16 என்று தனித்தனியாகத் தேற வேண்டும். ஒன்றில் வாங்கியதை வைத்து மற்றதை ஈடுகட்ட முடியாது. சிங்கப்பூரில் 50க்கு 45. பிரிட்டனில் 50க்கு 43, அதோடு ஓடும் படத்தைக் காட்டி ஆபத்து எங்கே உருவாகிறது என்று கண்டுபிடிக்கச் சொல்லும் தனித் தேர்வும் உண்டு. நம் 60 விழுக்காடு அவற்றின் பக்கத்தில் நிற்க முடியாது. அதை உயர்த்துவது தில்லியின் கையில் இருக்கிறது. அதற்காக நாம் காத்திருக்க வேண்டியதில்லை. இந்த வீட்டில் 20க்கு 18 எடுக்காதவருக்குச் சாவி கிடையாது என்று சொல்ல ஒரு தாய்க்கோ தகப்பனுக்கோ எந்தச் சட்டத் திருத்தமும் தேவையில்லை.

பெற்றோர்களிடம் இதைக் கொஞ்சம் அழுத்தமாகவே சொல்ல வேண்டியிருக்கிறது. 16 வயதில் எல்.எல்.ஆர். கிடைக்கும் என்று கேள்விப்பட்டு ஸ்கூட்டியைக் கொடுத்துவிடுகிறோம். 16 வயதுக்குக் கிடைப்பது 50 சி.சி.க்குள் இருக்கும் கியர் இல்லாத வண்டிக்கு மட்டும். கடையில் இன்று விற்கும் ஸ்கூட்டர்கள் பெரும்பாலும் 100 சி.சி.க்கு மேல். அவற்றை ஓட்ட 18 வயதாக வேண்டும். 18 ஆகாத பிள்ளை ஓட்டிக் குற்றம் நேர்ந்தால், 199ஏ பிரிவின்படி பெற்றோருக்கோ வண்டி உரிமையாளருக்கோ மூன்று ஆண்டு வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும், வண்டியின் பதிவு 12 மாதத்துக்கு ரத்து, பிள்ளைக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடையாது. தண்டனையைக் காட்டிப் பயமுறுத்துவது என் நோக்கமில்லை. பிள்ளை ஓட்டும் வண்டிக்குப் பெரியவர்தான் பொறுப்பு என்பதைச் சட்டமே ஏற்றுக்கொண்டிருக்கிறது என்று காட்டவே இதைச் சொல்கிறேன்.

டிரைவிங் ஸ்கூல் நடத்துபவர்கள் ஸ்டீயரிங்கையும் கிளட்ச்சையும் சொல்லித்தருவதோடு கடமை முடிந்தது என்று நினைக்கக் கூடாது. மத்திய விதிகளின் 31ஆவது விதி வகுத்திருக்கும் பாடத்திட்டத்தில் போக்குவரத்துக் கல்வியும் முதலுதவியும் இருக்கின்றன. அந்த வகுப்பையும் சேர்த்துத்தான் மாணவர் காசு கட்டியிருக்கிறார். கேட்டு வாங்க வேண்டும்.

புரோக்கர் பிரச்சினையைத் தனி மனித ஒழுக்கமாக மட்டும் பார்த்துப் பயனில்லை. அவரிடம் போவதற்கு இரண்டு காரணங்கள்: வேலையை விட்டு அலைய முடியாதது, தோற்றால் வெட்கம். 2021க்குப் பிறகு ஆதார் அடையாளத்தோடு வீட்டிலிருந்தே எழுதும் வழியும் பல இடங்களில் வந்திருக்கிறது. அலைச்சல் குறைந்ததில் மகிழ்ச்சிதான். ஆனால் வீட்டில் எழுதும்போது பக்கத்தில் உட்கார்ந்து விடை சொல்லும் அண்ணனும் ஒரு புரோக்கர்தான். வெட்கத்துக்கு வருவோம். தேர்வுக் கட்டணம் 50 ரூபாய். தோற்றால் அந்தப் பணத்தைக் கட்டி மறுபடி எழுதலாம். சாலையில் பட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதை 50 ரூபாயில் தெரிந்துகொள்கிற இடம் இது ஒன்றுதான். பெயிலானவரைக் கிண்டல் செய்வதை நாம் நிறுத்த வேண்டும். எதில் தவறினாய் என்று கேட்டு, அதை உட்கார்ந்து படிக்கச் சொல்லும் அக்காவும் சித்தப்பாவும் இருந்தால் யாரும் ஏஜென்ட்டைத் தேடிப் போக மாட்டார்கள்.

வண்டி ஓட்டவே ஓட்டாத பெண்களும் முதியவர்களும் இந்தப் பாடத்தைப் படிக்க வேண்டும் என்று நான் கேட்டுக்கொள்வேன். பைக்கின் பின்னால் உட்காருபவர் வாய் திறந்தால் ஓட்டுபவர் கேட்பார். எல்.எல்.ஆர். வைத்திருப்பவர் பைக்கில், லைசென்ஸ் உள்ள பயிற்சியாளரைத் தவிர வேறு யாரையும் பின்னால் ஏற்றக் கூடாது என்பது விதி. பின்னால் ஏறப் போகும் தங்கைக்கு அது தெரிந்திருந்தால் அவள் ஏற மாட்டாள். வெள்ளைப் பலகையில் சிவப்பு ‘எல்’ போட்ட வண்டி முன்னால் போனால் ஹாரன் அடித்து விரட்டாமல் இடம் விட வேண்டும் என்பது, பல வருடம் ஓட்டியவர்களுக்கான பாடம்.

கோயம்புத்தூர் எலும்பு முறிவு மருத்துவர் எஸ்.ராஜசேகரன், அடிபட்டு வந்தவர்களைப் பார்த்துப் பார்த்து உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். அவர் தொடுத்த வழக்கில்தான் 2014இல் நீதிமன்றம் சாலைப் பாதுகாப்புக் குழுவை அமைத்தது. 2017 நவம்பரில் வந்த உத்தரவுகளில் ஒன்று, மாவட்டந்தோறும் சாலைப் பாதுகாப்புக் குழு. திருப்பதி மாவட்டத்துக்கும் கலெக்டர் தலைமையில் அது உண்டு. அதனிடம் நாம் கேட்க வேண்டியது ஒன்று இருக்கிறது.

தேர்வு கணினியில் நடக்கிறது. எந்தக் கேள்வியில் எத்தனை பேர் தவறினார்கள் என்பது கணினிக்குத் தெரியும். பெயர் எதுவும் இல்லாமல், சூளூர்பேட்டைப் பகுதியில் இந்த மாதம் அதிகம் தவறிய பத்துக் கேள்விகளை மட்டும் மாதா மாதம் வெளியிடச் சொல்வோம். வழி விடும் விதியில் அதிகம் பேர் தவறினால் அதைக் கல்லூரி ஆசிரியர் வகுப்பில் எடுக்கலாம். விபத்துக் கடமையில் தவறினால் ஆட்டோ நிறுத்தத்தில் தமிழிலும் தெலுங்கிலும் எழுதி வைக்கலாம். குறிகளில் தவறினால் நகராட்சி அந்தக் குறியைப் பள்ளிச் சுவரில் பெரிதாக வரையலாம். ஸ்ரீசிட்டி நிறுவனங்கள் ஷிப்டு தொடங்கும் முன் பைக்கில் வரும் தொழிலாளர்களிடம் அந்தப் பத்தையும் கேட்கலாம். புது வண்டியோடு செங்காளம்மன் கோயிலுக்குப் பூசைக்கு வருபவர்கள் கையில் குங்குமத்தோடு அந்த ஒரு தாளையும் கொடுக்கலாம். ஜனவரி முழுவதும் தேசிய சாலைப் பாதுகாப்பு மாதம். பழவேற்காட்டுக்குப் பறவை பார்க்கக் கூட்டம் வருவதும் அந்தப் பருவத்தில்தான். முதல் பட்டியல் அதற்குள் வெளிவர வேண்டுமானால், கலெக்டருக்கான மனுவில் தெலுங்கு பேசுபவரும் தமிழ் பேசுபவரும் சேர்ந்து இந்த மாதமே கையெழுத்துப் போட வேண்டும்.